முடிவுக்கு உட்பட்டது

நீதிமன்ற அறைக்குள் நுழைந்ததுமே அவள் கணவனின் முதுகுக்குப் பின்னால் ஒதுங்கி, கடைசி பெஞ்சின் மூலையில் போய் உட்கார்ந்துகொண்டாள். கறுப்புக் கோட்டுகளைப் பார்த்தாலே இவளுக்குப் பயம் வந்துவிடுகிறதே என்று அவனுக்குப் பாவமாக இருந்தது.

அவன் வேலை நிற்குமா, போகுமா என்பது இன்று தெரிந்துவிடும்.

பத்திரப் பதிவு அலுவலகத்தில் அவன் எழுத்தர். நாலு வருஷ சர்வீஸில் எந்தப் பதிவேட்டிலும் ஒரு அடித்தல் திருத்தல் கிடையாது. கோடு போட்ட மாதிரி எழுதுகிறவன் என்று கூட வேலை பார்ப்பவர்கள் அவனுக்கு ‘ஸ்கேல்’ என்றே பெயர் வைத்திருந்தார்கள்.

தப்பு அவனுடையது இல்லை. எழுத்துத் தேர்வு முடிந்த பிறகு, நேர்முகத் தேர்வின் மதிப்பெண்ணை இரண்டு மடங்காக்கிவிட்டது தேர்வாணையம். அதில் மேலே வந்தவர்களில் அவனும் ஒருவன். எழுத்தில் நல்ல மார்க் வாங்கியும் கீழே தள்ளப்பட்ட பன்னிரண்டு பேர் சேர்ந்து வழக்குப் போட்டார்கள். ‘இந்த நியமனம் வழக்கின் முடிவுக்கு உட்பட்டது’ என்று ஆணையின் அடியில் பொடி எழுத்தில் ஒரு வரி இருக்கத்தான் செய்தது. வேலை கிடைத்த சந்தோஷத்தில் அதை யார் படித்தார்கள்?

கல்யாணமாகி ஒரு வருஷம் கழித்துத்தான் கோர்ட் நோட்டீஸ் வந்தது. வழக்குப் போட்டவர்கள் என்ற இடத்தில் முன்பின் தெரியாத ஒருவர் பெயரும், ‘மற்றும் பதினொருவர்’ என்றும் இருந்தது. வேறு வேலை இல்லாதவங்க என்று சொல்லி அவன் அதை மேசையில் போட்டான். அவள் எடுத்து மூன்று தடவை படித்தாள். அன்றைக்கு அவளுக்குச் சோறு இறங்கவில்லை.

அதற்குப் பிறகு அவனைவிட அவள்தான் அதிகம் பயந்தாள். ஊழியர் சங்கத்து வக்கீலிடம் அவனை இழுத்துக்கொண்டு போனதும் அவள்தான். அவர் சொன்னதையெல்லாம் கேட்டுவிட்டு ஒரே ஒரு கேள்வி கேட்டாள்.

“வழக்குப் போட்டவங்கள்ல ஒருத்தர் விலகிட்டா நின்னுடுமா சார்?”

மீதிப் பதினொரு பேர் இருக்கிறார்களே, ஒருத்தர் போய் என்ன ஆகப்போகிறது என்று அவர் சிரித்தார். அவள் சிரிக்கவில்லை.

நீதிபதி தீர்ப்பின் கடைசிப் பக்கத்தை மட்டும் வாசித்தார். தேர்வு தொடங்கிய பிறகு விதியை மாற்றியது செல்லாது. பட்டியல் ரத்து. பழைய விதிப்படி புதுப் பட்டியல் போட வேண்டும். அதில் அவன் பெயர் வராது. மறுபடி எழுதலாம் என்றால் வயது வரம்பு தாண்டிவிட்டது. எல்லாம் நாலு நிமிஷம்கூட ஆகவில்லை. அடுத்த வழக்கின் எண்ணைக் கூப்பிட்டுவிட்டார்கள்.

வெளியே வராந்தாவில் அவன் அப்படியே தரையில் உட்கார்ந்தான். அவளும் பக்கத்தில் உட்கார்ந்து அவன் கையைப் பிடித்துக்கொண்டாள்.

“அவங்க மேலயும் தப்பில்லதான்,” என்றான் அவன். “ஆனா அந்தப் பன்னிரண்டு பேர்ல ஒருத்தரையாவது நேர்ல பார்த்தா கேட்பேன். நாளைக்குக் காலையில நான் எங்கே போறதுன்னு.”

அவள் கண்ணைத் துடைத்துக்கொண்டு, பக்கத்து வீட்டில் விட்டுவந்த குழந்தை அழுதுகொண்டிருக்கும், சீக்கிரம் கிளம்பலாம் என்று அவனை எழுப்பினாள். அவன் எழுந்திருப்பதற்குள் அறையிலிருந்து ஒரு வக்கீல் மூச்சு வாங்க ஓடிவந்தார். அந்தப் பன்னிரண்டு பேருக்காக வழக்கை நடத்தியவர்.

ஆறுதல் சொல்ல வருகிறார் போல என்று நினைத்து அவன் கைகூப்பினான். அவர் அவனைத் தாண்டிப் போய் அவள் முன்னால் நின்றார். முகமெல்லாம் சிரிப்பு.

“போன் நம்பரைக்கூட மாத்திட்டு எங்கம்மா போயிட்டீங்க? உங்க கேஸ் ஜெயிச்சிருச்சு.”