அரக்கு ஆறுவதற்குள்

குளியலறைத் தாழ்ப்பாள் ஒருவழியாகத் திறந்துகொண்டபோது, வாசல் கதவு வெளியிலிருந்து பூட்டப்படும் சத்தம் கேட்டது. கதவைச் சற்றே தூக்கி இழுத்தால்தான் அந்தத் தாழ்ப்பாள் நகரும் என்பது அவருக்குப் பிடிபடவே நேரமாகிவிட்டது.

ஓடிப்போய் வாசல் கதவைத் தட்டக் கையை ஓங்கினார். ஓங்கிய கை அப்படியே நின்றது.

கடன் நிலுவையான வீட்டை பேங்க் எடுத்துக்கொள்வதில் ஒரு முறை இருக்கிறது. முதலில் சாமான்களைக் குறித்துக்கொள்வார்கள். பிறகு, உள்ளே ஆள் யாருமில்லை என்று எழுதிக் கையெழுத்துப் போடுவார்கள். அதற்கப்புறம்தான் பூட்டு, பூட்டைச் சுற்றித் துணி, துணிமேல் உருக்கிய அரக்கு, அரக்கு ஆறுவதற்குள் அதன்மேல் பித்தளை முத்திரை.

இத்தனையும் முடிகிற நேரத்தில் உள்ளேயிருந்து ஒரு குரல் வந்தால்? தெருவே வேடிக்கை பார்க்கிறது. கேஸ் நாறிவிடும். கேஸ் போனால் அவர் நடுத்தெருவில்தான் நிற்க வேண்டும். வாயை இறுக்கிக்கொண்டு கதவில் காதை வைத்தார்.

"சீக்கிரம் ஊத்துப்பா," என்றான் பேங்க் கிளார்க். "வக்கீலம்மா கோர்ட் ஆர்டரோட வர்றதுக்குள்ள முத்திரை விழணும். யாருக்காகவும் நிக்காதீங்கன்னு உத்தரவு போட்டுட்டு மேனேஜர் முன்னாடியே கிளம்பிட்டாரு போல."

"உள்ள என் மெஷின் இருக்கு தம்பி. தைச்சுக் குடுக்க வேண்டிய துணியெல்லாம் இருக்கு." கடன் வாங்கிய தையல்காரம்மாவின் குரல் அது.

"அதையெல்லாம் கோர்ட்ல சொல்லுங்கக்கா."

"உன் வீட்டுக்காரர் எங்கம்மா? ஆளையே காணோம்," என்று கேட்டாள் பக்கத்து வீட்டுக்காரி.

"வருவாரு," என்றாள் தையல்காரம்மா. சொல்லிவிட்டு, குளியலறைப் பக்க ஜன்னலை ஒருதரம் பார்த்தாள்.

பேங்க் ஜீப் கிளம்பிப் போனது. அவர் பின்கதவுக்கு ஓடினார், அங்கேயும் பூட்டு. ஜன்னல்களுக்கெல்லாம் கம்பி. போன் பையில் இருந்தது, பை வெளியே போய்விட்டது. போகிற போக்கில் கரண்டையும் நிறுத்தியிருந்தார்கள். தொண்டை வறண்டது, ஒரு டம்ளருக்காகச் சமையலறை அலமாரி ஒவ்வொன்றையும் திறந்து பார்க்க வேண்டியிருந்தது. தண்ணீரைக் குடித்துவிட்டுத் தையல் மெஷின் முன்னால் இருந்த ஸ்டூலில் உட்கார்ந்தார். எல்லோரும் போகட்டும், ஏதாவது வழி பிறக்கும்.

தையல்காரம்மா வாசல்படியைவிட்டு நகரவில்லை. மூச்சிரைக்க வந்து சேர்ந்தாள் வக்கீல்.

"ஜெயிச்சிட்டோமாம்மா?"

"பாதி ஜெயிச்சோம். பேங்க் இப்போதைக்கு ஏலம் விட முடியாது. அடுத்த விசாரணை வரைக்கும் எது எப்படி இருக்கோ அது அப்படியே இருக்கணும். அதனால அந்த முத்திரையை அவங்களும் தொடக் கூடாது, நாமளும் தொடக் கூடாது."

"விசாரணை எப்போ?"

"நாளையிலேர்ந்து கோர்ட் லீவுக்கா. லீவு முடிஞ்சுதான்."

உள்ளே இருந்தவருக்கு அது தெளிவாகக் கேட்டது. கேஸாவது ஒன்றாவது. எழுந்த வேகத்தில் ஸ்டூல் உருண்டது. ஜன்னல் கம்பிக்குள் விரலை விட்டுக் கண்ணாடியைப் படபடவென்று தட்டினார்.

"வக்கீலம்மா, முத்திரையை உடைக்கச் சொல்லுங்க. நான் உள்ள மாட்டிக்கிட்டேன்."

வக்கீல் திடுக்கிட்டுப் பின்வாங்கினாள். "யாருக்கா அது உள்ள?"

தையல்காரம்மா திடுக்கிடவில்லை. எழுந்து, சேலையைத் தட்டிவிட்டுக்கொண்டு, நிதானமாக ஜன்னலருகே வந்தாள்.

"உள்ள யாருமில்லைன்னு கையெழுத்துப் போட்டதே நீங்கதானே, மேனேஜர் சார்."