எட்டாவது கேள்வி

மாலை நாலரை மணி. வாடகை அடுக்குமாடிகளைக் கவனிக்கும் அலுவலகத்தில் பெவர்லி மூன்றாவது முறையாக அதே விண்ணப்பப் பாரத்தை நிரப்புகிறாள். குடியிருப்பவர்களின் வருமானத்தைச் சரிபார்க்கும் அரசாங்கக் கணினியைத் திறந்து பார்க்க அவளுக்கு அனுமதி வேண்டும். முதல் முறை முத்திரை இல்லை என்றார்கள், அடுத்த முறை தேதி தவறு என்றார்கள். ஏர்கான் நீர் வாளியில் சொட்டுகிறது. ஜன்னல் வெயில் மேசைமேல் பாதியாய்ச் சுருங்கிவிட்டது. எட்டாவது கேள்வியில் பேனா நிற்கிறது: ‘குடியிருப்பவர்களில் உங்கள் உறவினர் உண்டா?’ அந்த அடுக்குமாடிகள் ஒன்றின் மூன்றாம் மாடியில் அவள் அண்ணன் பேட்ரிக் இருக்கிறான். பாயான் லெப்பாஸ் தொழிற்சாலையில் சூப்பர்வைசராகி ஒரு வருடமாகிறது. இந்த வாடகை வீட்டுக்கான வருமான வரம்பைச் சம்பளம் தாண்டியதை அவன் இன்னும் அலுவலகத்துக்குத் தெரிவிக்கவில்லை.

“இல்லைன்னு போடுங்கலா அக்கா, யாரு பார்க்கப் போறா?” என்கிறாள் பக்கத்து மேசை நவமணி.

“நான்தான் பார்க்கணும். அதான் பொய் எழுத முடியல.”

‘உண்டு’ என்ற கட்டத்தில் பெவர்லி குறியிடுகிறாள். பேட்ரிக்கின் பெயரையும் கதவு எண்ணையும் மெதுவாக எழுதி, பாரத்தை அதிகாரியின் கோப்புத் தட்டில் வைக்கிறாள். திரும்பி வந்து உட்காராமல், கைப்பேசியை எடுத்துக்கொண்டு படிக்கட்டுப் பக்கம் போகிறாள்.

“அண்ணே, வீட்டுல இருங்க. நான் வர்றேன். மத்தவங்க வந்து சம்பளத்தப் பத்திக் கேக்கறதுக்கு முன்னால நானே உங்ககிட்ட விஷயத்தச் சொல்லிடறேன்.”