மூன்றாம் மாடி, ஜன்னலோரம்

அந்த மருத்துவமனையின் நோயாளி விவரங்களெல்லாம் வரிவரியாகச் சேரும் கணினித் தரவுக் கிடங்கைக் கட்டியவர் அவர்தான். அதில் எந்த வரியையும் அழிக்கக் கூடாது என்பது அவர் போட்ட விதி. நோயாளி வீடு மாறினால் பழைய வரிக்கு முடிவுத் தேதி போட்டு மூடிவிட்டுப் புது வரி திறக்க வேண்டும். ஆள் செத்தாலும் முடிவுத் தேதிதான். போன வருஷம் தன் மனைவியின் வரியை அவரே மூடினார், அதுவும் இதே நாற்காலியில் உட்கார்ந்தபடி.

திங்கட்கிழமை காலை வந்த மாற்றப் பட்டியலில் அவளுக்குப் புது வரி இருந்தது. முகவரி, அவர்கள் வீடு. சனிக்கிழமை காலை திறந்து, ஞாயிறு சாயங்காலம் மூடியிருந்தது. அந்த இரண்டு நாளும் அவர் ஆபீஸில்தான் கிடந்தார்.

பக்கத்து மேஜைக்காரி எட்டிப் பார்த்தாள். "யாரோ விளையாடறாங்க சார். தூக்கிடுங்க."

"முடியாதும்மா. நான் போட்ட பூட்டு, எனக்கே திறக்காது."

"சரி, எதுக்கு மூடினாங்களாம்?"

காரணம் என்ற கட்டத்தில் 'வீட்டில் ஆள் இல்லை' என்று இருந்தது. திரும்பி வரும் தபால்களுக்காக அவரே சேர்த்து வைத்த காரணம் அது.

அதற்குக் கீழே இன்னொரு வரி. முகவரி, இதே கட்டடம், மூன்றாம் மாடி, ஜன்னலோர மேஜை. அவருடைய மேஜைதான். தொடக்கம் இன்று, ஒன்பது நாற்பது.

சுவர்க் கடிகாரத்தில் மணி ஒன்பது முப்பத்தெட்டு.

உயிரோடு இருந்தவரை அவளுக்கு அவர் ஒரு நாற்காலிகூட இழுத்துப் போட்டதில்லை. இப்போது எழுந்து, எதிர் நாற்காலியில் குவிந்திருந்த கோப்புகளை எடுத்துத் தரையில் வைத்தார்.