மூன்று வாரப் பொறியாளர்

"சார், வேர்வையைத் துடைங்க. நீங்க சொல்ல வேண்டியது ஒரே வரிதான், மறந்துடாதீங்க" என்று காதருகே கிசுகிசுத்தார் அரசு வக்கீல்.

நகராட்சிப் பொறியாளர் தலையாட்டினார். நெற்றியைத் துடைக்கப் பார்த்தால், கோட்டின் கை விரல் நுனிவரை வழிந்து மூடிக்கொண்டிருந்தது.

கோட்டு இரவல். பதவியும் இரவல்தான். நிஜப் பொறியாளர் வீட்டில் போர்வைக்குள் இருந்தார். கோர்ட்டில் நின்றது அவருடைய தலைமை எழுத்தர். இது அரசு வக்கீலுக்கே தெரியாது.

"போன வாரம் இந்த ஜட்ஜ் ஒரு அதிகாரியை வீட்டுக்குக்கூட விடாம, அங்கிருந்தே ஜெயிலுக்கு அனுப்பிட்டாருய்யா" என்று முந்தின நாள் புலம்பியிருந்தார் பொறியாளர். "எனக்கு பி.பி. எகிறுது. நீங்க போய் நில்லுங்க. நான் வந்து மூணு வாரந்தானே ஆகுது, என் மூஞ்சி அங்க யாருக்கும் தெரியாது."

"எனக்கும் பி.பி. இருக்கு சார்."

"உங்க ரிடையர்மென்ட் ஃபைலும் என் மேஜையிலதான் இருக்கு."

அதற்கப்புறம் பேச என்ன இருக்கிறது? கோட்டை வாங்கிக்கொண்டு வந்துவிட்டார்.

விஷயம் ஒரு சுவர். தையல்காரப் பெண்மணி ஒருத்தியின் வாசலை அடைத்து நகராட்சி கட்டிய சுவர். எட்டு வாரத்தில் இடிக்கச் சொல்லி கோர்ட் உத்தரவு போட்டு இரண்டு வருஷம் ஆகிறது. சுவர் அப்படியே நிற்க, இப்போது கோர்ட் அவமதிப்பு வழக்கு. பக்கத்து வீட்டுச் சமையலறை வழியாகத்தான் அவள் தன் வீட்டுக்குள் போய் வருகிறாள். துணி கொடுக்க யார் வருவார்கள், மிஷின் தூங்குகிறது.

அவள் ஆபீசுக்கு நடந்த நடைக்குக் கணக்கில்லை. பொறியாளர் அறைக் கதவைக்கூட அவள் நெருங்கியதில்லை. மனுவை வாங்குவது, மூக்குக்கண்ணாடி வழியே முறைப்பது, பதில் சொல்லி அனுப்புவது எல்லாம் தலைமை எழுத்தர் தன் மேஜையிலேயே முடித்துவிடுவார்.

வழக்குப் போட்டவள் எங்கே வரப் போகிறாள், அவளுடைய வக்கீல்தானே வருவார் என்ற தைரியத்தில்தான் அவர் கிளம்பியிருந்தார். இப்போது திரும்பிப் பார்த்தால், கடைசி பெஞ்சில் அவள்!

'ஐயா, இவன் கிளார்க்கு'ன்னு அவள் ஒரு வார்த்தை சொன்னால் போதும். ஆள்மாறாட்டம். வேலை போகும், பென்ஷன் போகும், தானும் போக வேண்டியதுதான், கம்பிக்குப் பின்னால்.

வழக்கு எண்ணைக் கூப்பிட்டார்கள். கோட்டின் கையைச் சுருட்டிக்கொண்டு முன்னால் போய் நின்றார்.

"கோர்ட் உத்தரவுன்னா உங்க ஆபீஸ்ல பொட்டலம் மடிக்கிற காகிதமா?" என்றார் நீதிபதி.

"நான்... பொறுப்பேத்து மூணு வாரந்தான் ஆகுதுங்க ஐயா. ரெண்டு மாசம் அவகாசம் வேணும்."

நீதிபதியின் முகம் கொஞ்சம் இளகியது. "முன்னாடி இருந்தவங்க செஞ்ச தப்புக்கு இவரை உள்ள வைக்கறது நியாயமில்ல." கண்ணாடியைக் கழற்றிவிட்டுப் பின்வரிசையைப் பார்த்தார். "மனுதாரர் வந்திருக்காங்களா? முன்னால வாங்கம்மா. இவர்தான் புதுப் பொறியாளர். நல்லாப் பாத்துக்கங்க. அவகாசம் குடுக்கலாமா?"

அவள் வந்தாள். அவரை மேலிருந்து கீழ்வரை பார்த்தாள். கண்ணாலேயே அவர் அவள் காலில் விழுந்தார்.

"பொறியாளர்தாங்க ஐயா" என்றாள்.

அப்பாடா! போன உயிர் தொண்டைவரை திரும்பி வந்தது.

"ஆனா புதுசு எங்கங்க? ரெண்டு வருஷமா இவரேதான்!"