கடிக்கிற பேர்

பேரைக் கேட்டதும் மச்சாளின் கையில் இருந்த சீனித்தண்ணீர்க் கிண்ணம் பாதி வழியில் நின்றுவிட்டது.

"உல்ஃபோ? அதென்ன பேர்?"

தாய்க்காரி தன் மடியில் கிடந்த பிள்ளையின் போர்வையை இழுத்துவிட்டாள். அர்த்தத்தைச் சொல்லாமலே தப்பியிருக்கலாம். இந்த ஊர்ப் பேர், பள்ளிக்கூடத்தில் கூப்பிட வசதி என்று எதையாவது சொல்லிச் சமாளித்திருக்கலாம். சமாளித்துச் சமாளித்து அவளுக்கு அலுத்துப்போயிருந்தது.

"ஓநாய்," என்றாள்.

பிள்ளை பிறந்து முப்பத்தொரு நாள் முடிந்து, பிரசவத் துடக்குக் கழித்த நாள். வீடு கழுவியாயிற்று. குத்துவிளக்கு எரிந்துகொண்டிருந்தது. சாம்பிராணிப் புகைக்குக் கூரையில் இருக்கும் எச்சரிக்கை மணி அலறிவிடும் என்று, அதன் தலையில் புருஷன் ஒரு பிளாஸ்டிக் பையைக் கட்டியிருந்தான்.

நண்பகல். வெளியே இருட்டு. நோர்வேயின் இந்த வடக்கு மூலையில் மார்கழி முழுக்கச் சூரியன் தலைகாட்டாது.

மச்சாள் அவள் புருஷனின் அக்கா. ஒஸ்லோவிலிருந்து விமானம் மாறி விமானம் ஏறி வந்திருந்தாள். பேர் வைப்பது அத்தைக்காரியின் உரிமை. பிள்ளையின் காதில் அவள்தான் மூன்று தடவை சொல்ல வேண்டும்.

முன்பு இரண்டு முறையும் அப்படித்தான் வந்தாள். நட்சத்திரம் பார்த்து, எண் கூட்டி, ஆசை ஆசையாக இரண்டு நல்ல பேர்கள் கொண்டுவந்தாள்.

இரண்டும் இப்போது தேவாலயத்துக்குப் பின்னால் ஒரே கல்லில் இருக்கின்றன.

முதல் பிள்ளை ஒரு கோடை இருந்தது.

இரண்டாவது அதுவும் இல்லை.

இந்த முறை மச்சாள் பஞ்சாங்கத்தைத் தொடவே இல்லை. ஒரே ஒரு பேரோடு வந்திருந்தாள். குப்பையன்.

"எங்கட அப்பாவுக்கு முன்னம் பிறந்தது ஒண்டும் தங்கேல்லை. அவருக்குக் குப்பையன் எண்டு பேரை வைச்சு, தவிட்டுக்கு வித்து வாங்கினவை. எண்பது தாண்டி இருந்தவர். குப்பை எண்டால் அவன் திரும்பியும் பாக்கான், பிள்ளை."

அவன் என்றால் எவன் என்று அந்த அறையில் யாரும் கேட்கவில்லை.

அவளுக்குக் கோபம் வந்தது. பாவம், மச்சாள் மேல் இல்லை. வெளியே நிற்கிறவன் மேல். அவனிடம் இன்னொரு முறை கெஞ்ச வேண்டுமா? இது ஒன்றுக்கும் உதவாத பிள்ளை, விட்டுவிட்டுப் போ என்று? நேர்த்தி வைத்தாயிற்று. விரதம் இருந்தாயிற்று. ஆஸ்பத்திரி நடைபாதையில் தெரிந்த தெய்வம், தெரியாத தெய்வம் எல்லாவற்றையும் கூப்பிட்டாயிற்று. போதும்.

உல்ஃப் என்ற பேரை அவளுக்குச் சொன்னவள் மருத்துவிச்சி. அது அவளுடைய அப்பாவின் பேர். இப்போதெல்லாம் யாரும் வைப்பதில்லை, கிழவர்களின் பேர் என்று சிரித்தாள். இந்த நாட்டுப் பழைய ஆட்களின் மொழியில் ஓநாய். பட்டிக்குள் இறங்கி ஆட்டைத் தூக்குகிற அதே ஓநாய். அதற்குப் பயந்து குளிர்காலம் முழுக்கக் கதவைத் தாழிட்டுக் கிடந்தவர்கள், பிறந்த பிள்ளையைக் கையில் எடுத்து அதன் பேரையே சொல்லியிருக்கிறார்கள்.

ஏன் என்று மருத்துவிச்சிக்குத் தெரியவில்லை. பலத்துக்காக இருக்கலாம் என்றாள்.

இவளுக்குப் பிரசவக் கட்டிலில் கிடந்தபடியே தெரிந்துவிட்டது.

"விசரே உனக்கு? ஆராவது பிள்ளைக்கு ஓநாய் எண்டு பேர் வைப்பினமோ? சனம் சிரிக்கும்."

"சிரிக்கட்டும், மச்சாள். குப்பை எண்டு சொல்லி இவனை ஒளிக்க மாட்டன். வாறவன் வாசல்லை நிண்டு ஒருக்கா யோசிக்கட்டும். இவனுக்குக் கடிக்கிற பேர்தான் வேணும்."

மச்சாள் கிண்ணத்தைத் தரையில் வைத்தாள்.

"அப்ப நான் சொல்ல மாட்டன். என்ர வாயாலை அதைச் சொல்ல மாட்டன்."

அத்தை சொல்லாவிட்டால் பேர் இல்லை. புருஷன் தரையைப் பார்த்துக்கொண்டு நின்றான். இரண்டு தடவையும் அந்தச் சின்னப் பெட்டியைத் தனியாகத் தூக்கிப்போனவன். அவனிடம் என்ன கேட்பது?

அவள் எழுந்தாள். பிள்ளையை இறுக்கிச் சுற்றித் தோளில் போட்டுக்கொண்டு நேரே போய் ஜன்னலைத் திறந்தாள்.

குளிர் உள்ளே பாய்ந்தது. குத்துவிளக்கு அணைந்தது.

"ஐயோ, பச்சைப்பிள்ளை!" என்று மச்சாள் கத்தினாள்.

பிள்ளைக்குத் தன் பேர் மெதுவாகத் தெரியட்டும். முதலில் தெரிய வேண்டியவன் வெளியே நிற்கிறான்.

"உல்ஃப்," என்றாள் இருட்டுக்கு.

பயமாகத்தான் இருந்தது. பயத்தோடுதான் சொன்னாள்.

"உல்ஃப்."

கல்லில் இருந்த இரண்டு பேர்களும் நாக்கில் முந்திக்கொண்டு வந்தன. வாயைத் திறந்தபடி நின்றாள். மூன்றாவது தடவை வரவில்லை.

பின்னால் சேலை சரசரத்தது.

மச்சாள் அவளை இடித்துக்கொண்டு ஜன்னலுக்கு வந்தாள். ஒரு கையால் பிள்ளையின் தலையைப் பொத்தினாள். மற்றக் கையை இடுப்பில் ஊன்றினாள்.

"உல்ஃப்!"

எதிர்வீட்டில் திரை விலகியது.

"கேட்டுதோடா உனக்கு?"

ஜன்னலை அறைந்து சாத்தினாள். மூச்சு வாங்கியது. கண்ணைத் துடைத்துக்கொண்டு தரையில் இருந்த கிண்ணத்தை எடுத்தாள். சீனித்தண்ணீரில் விரலைத் தோய்த்துப் பிள்ளையின் வாயில் வைத்தாள்.

பிள்ளை கவ்விய விரலைத் திரும்ப எடுக்க அவளுக்குக் கொஞ்ச நேரம் பிடித்தது.