மேடை ஏறாத குடும்பம்

“மேடை ஏறின அத்தனை பேரும் இதுல இருக்காங்க ஐயா. கண்ணால பார்த்தீங்களே!” என்று ஸ்தனிஸ்லாஸ் புரொஜெக்டரை நிறுத்தி விளக்கைப் போட்டான்.

“எங்க குடும்பம் இல்லையே, தம்பி.”

அற்புதசாமி நாற்காலியில் சாயாமல் உட்கார்ந்திருந்தார். துறையூரில் முதல் பஸ் பிடித்துத் திருச்சி வந்து சேர்ந்தும், சட்டையில் ஒரு மடிப்புக்கூடக் கலையவில்லை.

ஊர்க் கோயிலில் ஆண்டவரின் சிலுவைப் பாடுகளை நாடகமாகப் போட்ட பாஸ்காவை இந்த ஸ்டூடியோக்காரன்தான் படமெடுத்திருந்தான். பம்பாய் போய்க் கழுவி வந்த படம். நாளை சாயங்காலம் கோயில் மைதானத்தில் ஓட்டப் போகிறார்கள்.

“உறையூர்லேருந்து சம்பந்தி வீட்டார் வர்றாங்க. மகளைக் கட்டிக்கொடுத்து மூணு மாசம்தான் ஆகுது. படத்துல நாங்க இருப்போம்னு வாக்குக் கொடுத்திருக்கேன்.”

“நீங்க யாரா நடிச்சீங்கய்யா?”

இதை வாய்விட்டுச் சொல்லும் நிலைமை அந்தக் குடும்பத்துக்கு இதுவரை வந்ததில்லை.

“ஊருக்கே தெரியும்.”

“நான் உங்க ஊருக்குப் புதுசுங்களே. ஆண்டவர் வேஷமா?”

“ஆண்டவரா நின்னவன் சைக்கிள் கடை வச்சிருக்கான். பிலாத்து வருஷத்துக்கு ஒருத்தன் மாறுவான். சேவகனுக்குக் காய்ச்சல்னா பக்கத்து வீட்டுக்காரன் ஈட்டியைப் பிடிப்பான். எங்க இடத்துல தாத்தா, அப்பா, நான். வேற ஆள் நின்னதே கிடையாது. எனக்கே இது முப்பத்தெட்டாவது வருஷம்.”

“மேடைக்கு வந்திருந்தா கேமராவுல விழுந்திருக்கணுமே?”

“நாங்க மேடைக்கு வர்றதில்லை. திரைக்குப் பின்னாலதான்.”

“பின்பாட்டா? அப்படிச் சொல்லுங்க! இது ஊமைப் படம்யா. போன மாசம் ஸ்ரீரங்கத்துல நாதஸ்வரக் கச்சேரி எடுத்தேன். வித்வானோட கன்னம் உப்புறது மட்டும்தான் தெரியுது. அவரே கோவிச்சுக்கலை.”

“அவருக்குக் கன்னமாவது விழுந்திருக்கு.”

அற்புதசாமி எழுந்தார். “நாளைக்குப் படத்தை ஓட்டுங்க தம்பி. கொடுத்த வாக்கு கொடுத்ததுதான்.”

மறுநாள் பொழுது சாய்ந்ததும் வெள்ளைத் துணி கட்டி மிஷினை ஓட்டினார்கள். முன்வரிசையில் சம்பந்தியம்மா லூர்துராணி, அற்புதசாமியின் மனைவி வியாகுலம்மாளை விடுவதாக இல்லை.

“பாதிப் படம் ஓடிடுச்சு. சம்பந்தி முகத்தையே காணோமே! இங்க நாற்காலியும் காலியா கிடக்கு.”

“வருவாருங்க. அவர் நேரத்துக்குத்தான் வருவார்.”

“எங்க வீட்டுக்காரர் அப்பவே சொன்னாரு, சும்மா பெருமைக்குச் சொல்றாங்கன்னு.”

வியாகுலம்மாள் வெள்ளைத் துணியின் பக்கம் திரும்பி உட்கார்ந்தாள்.

துணிக்குப் பின்னால் நின்றிருந்த அற்புதசாமிக்கு எல்லாம் கேட்டது. படம் அவருக்கு இடவலம் மாறித் தெரிந்தது. ஆண்டவரின் சீடர் இராயப்பர், ‘அவரை எனக்குத் தெரியாது’ என்று வேலைக்காரியிடம் தலையாட்டி மறுத்தார். இன்னொரு முறை மறுத்தார். மூன்றாம் முறை அவர் உதடு அசைந்து ஓய்ந்த கணத்தில், அற்புதசாமி துண்டை இடுப்பில் இறுக்கிக் கட்டி, நெஞ்சை நிமிர்த்தி, கழுத்தை நீட்டி, பாட்டனார் காலத்துச் சுருதி பிசகாமல், வேதத்தில் ஆண்டவர் முன்னறிவித்தபடியே சேவலாகக் கூவினார்:

“கொக்கரக்கோ!”