மழைக்கு முன் ஒரு குறுந்தட்டு

எண்பத்தொரு விழுக்காடு.

குறுந்தட்டில் பாட்டுப் பதிவாவதைக் காட்டும் பச்சைக் கோடு கணினித் திரையில் நகர்கிறதா, நிற்கிறதா என்று இராசில்டாவுக்குத் தெரியவில்லை. சன்னலுக்கு வெளியே, ஆற்றின்மேல் வானம் கறுத்துவிட்டது மட்டும் நன்றாகத் தெரிந்தது.

பெலெம் நகரில் எவரும் கடிகாரத்தைப் பெரிதாக மதிப்பதில்லை. பிற்பகல் மழைக்கு முன், மழைக்குப் பின். நேரம் என்பது அவ்வளவுதான். முதல் துளி விழுந்ததும் அந்தத் தெருவில் மின்சாரம் போய்விடும்.

"மவுஸத் தொடாத. மேசையில சாயாத. முடிஞ்சா மூச்சையும் கொஞ்சம் நிறுத்தி வை," என்றார் வால்மோர். அண்டை வீட்டில் வானொலி பழுதுபார்ப்பவர். கணினியும், மூலைக் கூண்டில் இருந்த கிளியும் அவருடையவை.

"மொதல்ல அந்தச் சனியன் வாய மூடுங்க," என்றாள் இராசில்டா.

அவள் கோபத்தில் நியாயம் இருந்தது. பாட்டைப் பதிவுசெய்தது இதே அறையில்தான். 'நீ வரும்வரை இந்தக் கரையில் நிற்பேன்' என்று அவள் உருகி முடித்த கணத்தில், கிளி, "காப்பி எங்க?" என்று கேட்டுவிட்டது. முதல் தட்டைப் பாட்டு வணிகன் பெனேயிடம் கொடுத்துவிட்டு வந்தபின்தான் இருவரும் அதைக் கவனித்தார்கள். இன்று காலை முழுவதும் போராடி, அந்தக் குரலை வெட்டி எறிந்திருந்தார் வால்மோர்.

நல்லவேளையாக, நேற்று பெனேயின் பழைய கருவியில் அந்தத் தட்டுப் பாடவேயில்லை. பாட்டாகப் பதிவதற்குப் பதில், வெறும் கணினிக் கோப்பாகப் பதிந்துவிட்டிருந்தார் வால்மோர்.

"ஊமைப் பாட்டாக்கா? புதுசா இருக்கே!" என்று சிரித்துக்கொண்டே பெனே அதைப் பெட்டிக்குள் வீசினான். "நாளைக்கு மழைக்கு முன்னாடி ஒழுங்கான சிடி கொண்டாங்க. மழை விட்டா இந்த வாரத் தொகுப்பு முடிஞ்சிரும்."

அவனுடைய தொகுப்பில் ஏறினால், ஒலிபெருக்கி கட்டித் தட்டு விற்கும் நகரத்தின் தள்ளுவண்டிகள் எல்லாம் அவளைப் பாடும். ஏறாவிட்டால், நாளைப் படகில் அக்காள் ஊருக்குப் போய் மீண்டும் இறால் உரிக்க வேண்டியதுதான். பயணச்சீட்டு அவள் இரவிக்கைக்குள் இருந்தது.

தொண்ணூற்றாறு. தொண்ணூற்றேழு.

ஓட்டுக் கூரையில் 'டப்' என்று ஒரு துளி.

திரை இருண்டது.

வால்மோர் கணினியின் சிறு துளைக்குள் கம்பியொன்றைச் செருகித் தட்டை வெளியே எடுத்தார். வீட்டில் இருந்த கடைசி வெற்றுத்தட்டு அது. பாதியில் நின்றதை இனி எந்தக் கருவியும் படிக்காது.

இருந்தும் அதை நெகிழிப் பையில் சுற்றிக்கொண்டு, அவள் மழைக்குள் இறங்கினாள். இன்னும் ஒரு நாள் தவணை கேட்கலாம். காலில் விழவும் ஆயத்தமாக இருந்தாள்.

சந்தைத் தெருவை அவள் அடைந்தபோது மழை விட்டிருந்தது. ஒரு தள்ளுவண்டியின் ஒலிபெருக்கி முழங்கிக்கொண்டிருந்தது.

அவள் குரல்.

'…இந்தக் கரையில் நிற்பேன்.'

தார்ப்பாயின்கீழ் ஒதுங்கியிருந்த மீன்காரர்களும் சுமைதூக்குவோரும் ஒரே குரலில் கத்தினார்கள்: "காப்பி எங்க?"

பெனே கூட்டத்தை விலக்கிக்கொண்டு ஓடிவந்தான். "எங்கக்கா போனீங்க? நேத்தே என் மச்சான் கம்ப்யூட்டர்ல போட்டுப் பாத்துட்டான். ஊமையா அது? வாயாடி! மழைக்கெல்லாம் நாங்க காத்திருக்கல, காலையிலேயே நாப்பது வண்டிக்குப் போயிருச்சு." அவள் கையிலிருந்த பையைப் பார்த்தான். "இது புதுசா? இதுல கிளி இருக்கா?"

இல்லையென்று அவள் தலையசைத்தாள்.

"அப்ப வேணாம்."

தொகுப்பின் அட்டையை அவள் வாங்கிப் பார்த்தாள். பதினோராம் பாட்டுக்கு எதிரே அவள் பெயர் இல்லை. 'கிளிக்காரி' என்றிருந்தது.

"யாருப்பா இந்தக் கிளிக்காரி?" என்று கேட்டாள், தட்டு வாங்க வந்த ஒருத்தி.

ஈரம் சொட்டச்சொட்ட இராசில்டா தலையை நிமிர்த்தி, அந்த அடியை அடிவயிற்றிலிருந்து பாடினாள். தெரு முழுவதும் காப்பி கேட்டது.

இரவிக்கைக்குள் பயணச்சீட்டு நனைந்து கூழாகியிருந்ததை, மறுநாள் படகு சங்கூதிப் புறப்பட்ட பிறகுதான் அவள் கண்டாள். அப்போது அவள், வால்மோர் வீட்டுக் கூண்டின் முன் நின்று, கிளிக்குக் காப்பி ஆற்றிக்கொண்டிருந்தாள்.